இராவணன் யாருடைய ராஜா? சேரமான் யாருடைய ராஜா?

 

பதிவு நீளம். தேத்தண்ணி ஒன்றை ஊற்றி வைத்துக்கொண்டு ஆறுதலாக வாசியுங்கள்.

இராவணன் எங்கள் மலையிலிருந்து விமானம் ஓட்டினான் என்று ஒரு வீடியோ கொஞ்ச நாளாக ஊர் வட்ஸ்அப் குழுக்களில் சுற்றுகிறது. அதற்குக் கீழே மூன்று விதமான பதில்கள். தோட்டத்துத் தம்பிமார் “இராவணன் தமிழ் மன்னன்” என்கிறார்கள். சிங்கள நண்பர்கள் “ஹெல ராவணா” என்கிறார்கள். எங்கள் ஆட்கள் சிலர் சிரிக்கும் பொம்மையைப் போட்டுவிட்டு, அடுத்த நிமிடமே “சந்திரன் பிளந்ததைக் கண்டு இஸ்லாத்துக்கு வந்த சேரமான் பெருமாள்” கதையை மாஷா அல்லாஹ் சொல்லிப் பகிர்கிறார்கள். வகுப்பிலும் இதே கேள்விதான்: “சேர், இராவணன் தமிழா, சிங்களமா?” வரலாறு கற்பிக்கிறவன் ‘இது பரீட்சைக்கு வராது’ என்று சொல்லித் தப்பக்கூடாது. அதனால் எழுதுகிறேன்.

முதலில் எங்கள் அக்கம்பக்கத்தைப் பார்ப்போம். உடப்புசல்லாவையிலிருந்து எந்தப் பக்கம் போனாலும் இராவணன்தான். இராகலை, கந்தப்பளை வழியாக நுவரெலியாவுக்குப் போய் வெலிமடை றோட்டில் திரும்பினால் சீதா எலிய. ஓடைக்கரையில் சீதை அம்மன் கோயில். பாறையில் இருக்கும் குழிகள் அனுமானின் பாதச்சுவடு என்பார்கள். 2024 மே மாதம் அங்கே கும்பாபிஷேகம் நடந்தபோது அயோத்தியிலிருந்து சரயு நதித் தண்ணீர் வந்தது. கொஞ்சம் தள்ளி ஹக்கலை. ‘ஹக்க’ என்றால் சிங்களத்தில் தாடை. அனுமான் வாயில் கவ்விக்கொண்டு வந்த மலைத்துண்டு அது என்பது கதை. அதற்கும் அப்பால் வெலிமடைப் பக்கம் திவுரும்பொல விகாரை, சீதை தீயில் இறங்கிச் சத்தியம் செய்த இடமாம். ‘திவுரும்’ என்றாலே சத்தியம்தான். இஸ்திரிபுர குகையில் சீதையை ஒளித்து வைத்தார்கள் என்பார்கள். எல்ல பக்கம் போனால் இராவணன் பெயரிலேயே ஒரு நீர்வீழ்ச்சியும் ஒரு குகையும் இருக்கின்றன.

அசோகவனம் என்று பிள்ளைகளைக் கூட்டிப்போய்க் காட்டுகிறோமே ஹக்கலைப் பூங்கா, அதை வெள்ளைக்காரன் 1861இல் தொடங்கியது சிங்கோனா நடுவதற்காக. காய்ச்சலுக்குக் கொயினா மருந்து எடுக்கிற மரம். பூந்தோட்டமாக மாறியது பிறகுதான்.

சீதா எலியவில் மண் கறுப்பாக இருக்கிறது, அனுமான் வாலில் தீ வைத்தபோது எரிந்த மண் என்று வழிகாட்டிகள் அள்ளிக் காட்டுவார்கள். தோட்டத்தில் மண்வெட்டி பிடித்தவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. குளிர் மலையில் புல்லும் இலையும் மெதுவாகத்தான் மக்கும். அது சேர்ந்து சேர்ந்து மேல்மண் கறுக்கும். பத்தனைப் புல்வெளி இருக்கிற மேடுகளில் தோண்டினால் இதே நிறத்து மண் கிடைக்கும். ஆனால் தீக்கதையை முழுக்கப் பொய் என்று தள்ளவும் எனக்கு மனமில்லை. ஹோட்டன் சமவெளியின் சதுப்பு மண்ணில் புதைந்து கிடந்த மகரந்தத் துகள்களை ஆராய்ந்தவர்கள், பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இந்த உயரத்தில் மனிதர்கள் காட்டை எரித்து வாழ்ந்ததற்குத் தடயம் இருப்பதாகச் சொல்கிறார்கள். அவர்கள் என்ன மொழி பேசினார்கள் என்று சொல்ல எவராலும் முடியாது.

இனிப் புத்தகங்களுக்கு வருவோம். இங்கேதான் பிள்ளைகள் வாயைப் பிளந்தார்கள்.

மகாவம்சத்தில் இராவணன் இல்லை. கி.பி. 5ஆம், 6ஆம் நூற்றாண்டளவில் மகாநாம தேரர் பாளியில் எழுதிய அந்த நூலில் யக்கர் வருகிறார்கள், நாகர் வருகிறார்கள், குவேனி வருகிறாள். பத்துத் தலை ராஜா வரவில்லை. இராவணன் வருவது வால்மீகியில். அந்த லங்கை இந்த இலங்கைதானா என்பதிலும் ஒரு முடிவில்லை, எச்.டி. சங்காலியா என்ற பெரிய இந்தியத் தொல்லியலாளர் மத்திய இந்தியாவில்தான் அதைத் தேட வேண்டும் என்று வாதாடினார்.

தமிழ்ப் பக்கத்தில் இராவணன் பழைய ஆள். திருஞானசம்பந்தரின் பதிகங்களை எடுத்தால் பெரும்பாலும் எட்டாவது பாட்டில் இராவணன் வருவான்: கயிலை மலையைத் தூக்கப்போய் நசுங்கி, பிறகு பாடி அருள் பெற்றவனாக. சைவருக்கு அவன் அடங்கிய பக்தன். திருகோணமலையில் இராவணன் வெட்டு, கன்னியாவில் தாய்க்குக் கருமம் செய்யத் தோண்டிய ஏழு வெந்நீர்க் கிணறுகள் என்று கிழக்கில் அவனுக்குத் தனி வரைபடமே இருக்கிறது. கம்பன் வந்து அவனை மறக்க முடியாத வீரனாக்கிவிட்டான்.

சிங்களப் பக்கத்தில் நடந்தது இன்னும் சுவாரசியம். 15ஆம் நூற்றாண்டில் ஸ்ரீ ராகுல தேரர் எழுதிய ‘செலலிஹினி சந்தேசய’ என்ற தூது காவியம், மைனா ஒன்றைக் களனிக்கு அனுப்புகிறது. எதற்கு? அரசர் மகளுக்குப் பிள்ளை வரம் கேட்க. எந்தத் தெய்வத்திடம்? விபீஷணனிடம். களனியில் இன்றும் விபீஷணனுக்குத் தேவாலயம் இருக்கிறது. அதாவது அண்ணனைக் காட்டிக் கொடுத்தவன் என்று தமிழில் நாங்கள் திட்டும் தம்பிதான் அன்றைய கோட்டை இராச்சியத்துக்குக் காவல் தெய்வம். இராஜாவலிய நூலில் இராவணன் வருகிறான், ஆனால் கெட்டவனாக. அவன் செய்த பாவத்தால் கடல் பொங்கி 25 மாளிகைகளையும் நான்கு இலட்சம் வீதிகளையும் விழுங்கியதாம்.

சரி, பாவியாகவும் அடங்கிய பக்தனாகவும் இருந்தவன் எப்போது எல்லோருக்கும் முப்பாட்டனானான்? ஆண்டுகளைப் பாருங்கள். முனிதாச குமாரதுங்க ‘ஹெல ஹவுல’ அமைப்பைத் தொடங்கியது 1941. சிங்களவர் விஜயனோடு வந்தவர்கள் அல்ல, அதற்கு முன்பே இந்தத் தீவில் இருந்த ஹெல இனத்தவர் என்ற கருத்து அந்த வட்டத்தில்தான் வேர் பிடித்தது. அந்த வழியில் வந்த அரிசென் அஹுபுது இராவணனைச் சக்கரவர்த்தியாக்கி எழுதினார். கடலுக்கு அந்தப் பக்கம் புலவர் குழந்தை ‘இராவண காவியம்’ வெளியிட்டது 1946. அதிலே இராவணன் ஆரியரை எதிர்த்த தமிழ்த் தலைவன். சென்னை அரசு 1948இல் அதைத் தடை செய்தது, 1971இல்தான் தடை நீங்கியது. ஐந்து வருட இடைவெளியில், ஒருவரை ஒருவர் எட்டிப் பார்க்காமல், இரண்டு பக்கமும் ஒரே ராஜாவைத் தூக்கிச் சிம்மாசனத்தில் வைத்தார்கள். இரண்டு பக்கத்துக்கும் தேவைப்பட்டது ஒன்றுதான்: ‘எவனும் வருமுன்னே நாங்கள் இருந்தோம்’ என்று சொல்ல ஓர் ஆள்.

அதன் பிறகு வந்தது வியாபாரமும் அரசாங்கமும். சுற்றுலாத்துறை சுமார் 50 இடங்களைச் சேர்த்து இராமாயணப் பாதை என்று இந்தியப் பயணிகளுக்கு விற்றது. அதில் நான் குறை காணமாட்டேன், நுவரெலியாவில் வேன் ஓட்டுகிறவர்களும் கடை போட்டவர்களும் பிழைக்கிறார்கள். 2019 ஏப்ரல் 17இல் விண்ணுக்குப் போன இலங்கையின் முதல் செயற்கைக்கோளின் பெயர் ‘ராவணா 1’. அதே வருடம் சிவில் விமானச் சேவைகள் அதிகாரசபை இராவணன் பறந்ததைப் பற்றிக் கட்டுநாயக்கவில் ஒரு மாநாடே கூட்டியது. 2020 ஜூலையில் இராவணன் தொடர்பான ஏடுகள், புத்தகங்கள் இருந்தால் தாருங்கள் என்று பத்திரிகையில் அரசாங்க விளம்பரம் வந்தது. மாடறுப்புக்கும் ஹலாலுக்கும் எதிராக வீதிக்கு இறங்கிய அமைப்புகளில் ஒன்றின் பெயர் ‘இராவணா பலய’ என்பது எங்கள் கடைத்தெருவில் யாருக்கும் மறந்திருக்காது. பெயர் எங்கே கொண்டுபோய் விடும் என்று பெயர் வைத்தவனுக்கே தெரியாது.

இப்போது உங்களைக் கொஞ்சம் தூரமாகக் கூட்டிப்போகிறேன். அயர்லாந்து. அதுவும் தீவு, அங்கும் பழைய ராஜாக்களின் வரலாற்றை எழுதியவர்கள் மடத்துத் துறவிகள். எங்கள் சண்டையில் அந்த நாட்டுக்கு எந்தப் பங்கும் இல்லை என்பதால் கோபப்படாமல் பார்க்கலாம்.

அயர்லாந்துக்குக் கிறிஸ்தவம் 5ஆம் நூற்றாண்டில் வந்தது. புனித பேட்ரிக் பெயரைக் கேட்டிருப்பீர்கள். துறவிகள் பைபிளைத் திறந்தார்கள்; அதில் எகிப்து இருக்கிறது, பாபிலோன் இருக்கிறது, ரோமாபுரி இருக்கிறது, அயர்லாந்து இல்லை. உலகத்தின் மேற்கு ஓரத்தில் இருந்த அவர்களுக்கு அது பொறுக்கவில்லை. 11ஆம் நூற்றாண்டில் ‘லெபோர் கபாலா’ என்று ஒரு நூலைத் தொகுத்தார்கள். அயர்லாந்தைக் கைக்கொண்டவர்களின் வரலாறு என்று அர்த்தம். நூஹ் நபியின் வெள்ளத்தை எல்லோரும் அறிவோம். அந்த வெள்ளம் வருவதற்கு 40 நாள் முன்பு நூஹுடைய பேத்தி ஒருத்தி கப்பலில் அயர்லாந்து வந்து இறங்கினாளாம். அவளுக்குப் பிறகு ஒரு கூட்டம், அதற்குப் பிறகு ஒரு கூட்டம், கடைசியாக ஸ்பெயினிலிருந்து மீல் என்பவனின் பிள்ளைகள். அவர்கள்தான் ஐரிஷ்காரரின் முன்னோர். அதிலிருந்து தாரா என்ற மேட்டில் வரிசையாக ராஜாக்கள். அங்கே ஒரு கல் இருந்ததாம். உண்மையான அரசன் கால் வைத்தால் கத்துமாம். 1632 முதல் 1636 வரை உட்கார்ந்து பெரிய ஆண்டுக்குறிப்பு எழுதிய பிரான்சிஸ்கன் சபையினர், இந்த ராஜாக்கள் ஒவ்வொருவருக்கும் உலகம் படைக்கப்பட்டதிலிருந்து எண்ணி இன்ன வருடம் என்று கணக்கே போட்டுவிட்டார்கள். அந்த நம்பிக்கை என் வகுப்பில் ஒரு பிள்ளைக்கும் கிடையாது, திகதி கேட்டாலே தலையைக் குனிந்துகொள்கிறார்கள்!

அந்த ராஜாக்களில் கோர்மக் என்று ஒருவர். பேட்ரிக் வருவதற்கு முன்பே ஒரே கடவுளை அறிந்து சிலை வணக்கத்தை விட்டவர் என்று சொல்வார்கள். அதனால் மந்திரவாதிகள் சபித்து, மீன் முள் தொண்டையில் சிக்கி இறந்தாராம். அவர் அரசரான கதை அழகானது. ஒருத்தியின் ஆடுகள் ராணியின் தோட்டத்துச் சாயச்செடியை மேய்ந்துவிட்டன. அப்போதிருந்த அரசன் ‘ஆடுகளை ராணிக்குக் கொடு’ என்று தீர்ப்புச் சொன்னான். சிறுவன் கோர்மக் குறுக்கிட்டு, ‘செடி மறுபடி வளரும், உரோமமும் மறுபடி வளரும், இந்த முறை வெட்டும் உரோமத்தைக் கொடுத்தால் போதும்’ என்றான். பொய்த் தீர்ப்புச் சொன்ன அரசனின் வீடு ஒரு பக்கம் சரிந்துபோனதாம்.

மதரஸாவில் ஓதிய எவருக்கும் இது எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கும். ஸூரா அல்-அன்பியாவின் 78, 79ஆம் வசனங்களில் தாவூத் (அலை), சுலைமான் (அலை) இருவரும் தீர்ப்பளித்த ஆட்டு வழக்கு. தப்ஸீர்களில் அதன் விபரம் இருக்கிறது: விளைச்சலை மேய்ந்த ஆடுகளையே தோட்டக்காரனுக்குக் கொடுக்கச் சொன்னார் தந்தை, தோட்டம் பழையபடி ஆகும் வரை பாலையும் உரோமத்தையும் அனுபவிக்கட்டும் என்றார் மகன். நபிமார் வரலாறு எங்கள் ஈமான், அதை ஐரிஷ் கதையோடு நான் தராசில் வைக்கவில்லை. நல்ல அரசன் என்றதும் மனிதர்கள் எதைத் தேடினார்கள் என்பதற்காகச் சொல்கிறேன். எங்கள் எல்லாளன் கதையையும் இதோடு சேருங்கள். அவன் 44 வருடம் ஆண்டதாகச் சொல்லும் மகாவம்சம், தேரில் கன்றைக் கொன்ற மகனுக்கு அதே தேர்ச் சக்கரத்தால் தண்டனை கொடுத்தவன் என்று எதிரியை வாயாரப் புகழ்கிறது. திருவாரூரில் அதே மணியையும் மாட்டையும் கன்றையும் வைத்து மனுநீதிச் சோழனைச் சொல்கிறார்கள். கதை யாருடைய படலையையும் தட்டிக் கேட்டு நுழைவதில்லை.

கொன்கோபர் என்று இன்னோர் ஐரிஷ் அரசன் இருக்கிறான். நான் இந்தப் பதிவை எழுத உட்கார்ந்ததே அவனுக்காகத்தான். அவன் காலம் கிறிஸ்தவம் அங்கே வருவதற்குப் பல நூறு வருடம் முந்தியது. ஒருநாள் திடீரென்று வானமும் பூமியும் கலங்கின. என்ன நடக்கிறது என்று அவன் கேட்டான். ‘கிழக்கே ஒரு நல்லவரைச் சிலுவையில் அறைகிறார்கள்’ என்று பதில் வந்தது. அவன் கொதித்து எழுந்தான், அந்த ஆவேசத்திலேயே தலையில் இருந்த பழைய காயம் வெடித்து இறந்துபோனான். ஈஸா (அலை) அவர்கள் சிலுவையில் அறையப்படவில்லை என்பது எங்கள் நம்பிக்கை. இது அவர்களுடைய கதை. நான் காட்ட வருவது கதையின் அமைப்பை மட்டும்: தூரத்து நாட்டு அரசன், வானத்தில் ஓர் அடையாளம், தூதர் எவரும் வருமுன்னே நம்பிவிடுகிறான்.

சேரமான் பெருமாளை இப்போது பக்கத்தில் நிறுத்துங்கள். கொடுங்கல்லூர் அரண்மனை மாடியில் நின்ற அரசர் சந்திரன் இரண்டாகப் பிளந்ததைக் காண்கிறார். அரபு வணிகரிடம் விசாரிக்கிறார். நாட்டைப் பங்கிட்டுக் கொடுத்துவிட்டு மக்கா போய் நபி (ஸல்) அவர்களைச் சந்திக்கிறார். கொடுங்கல்லூர்ப் பள்ளிவாசல் கி.பி. 629இல் கட்டியது என்று சொல்வதும் இந்தக் கதையின் தொடர்ச்சிதான். விஜயனையும் அழைத்து வாருங்கள். புத்தர் பரிநிர்வாணம் அடைந்த அதே நாளில் விஜயன் இலங்கையில் கால் வைத்தான் என்று மகாவம்சம் எழுதுகிறது.

மூன்று கரை, மூன்று மதம். புத்தரின் கடைசி நாள், சிலுவை நாள், சந்திரன் பிளந்த நாள். ஒவ்வொரு கரையிலும் ஓர் அரசனை எடுத்து அந்தப் பெரிய நாளோடு முடிச்சுப் போட்டிருக்கிறார்கள். செய்தி எங்களுக்குப் பிந்தித்தான் வந்தது என்பதை ஒப்புக்கொள்ள எவருக்கும் மனம் வரவில்லை. முதல் நாளே எங்கள் ஆள் ஒருவர் அங்கே இருந்தார் என்று சொல்ல வேண்டியிருக்கிறது.

சேரமானை மட்டும் விட்டுவிடுங்கள் சேர் என்று சிலர் சொல்வீர்கள். சந்திரன் பிளந்தது குர்ஆனில் இருக்கிறது, அதில் எனக்குச் சந்தேகமில்லை. கொடுங்கல்லூர் அரசர் மக்கா போனார் என்பது குர்ஆனில் இல்லை. அது வரலாறு, அதற்கு வரலாற்றின் சாட்சிதான் வேண்டும். இதை முதலில் சொன்னது நானுமல்ல, இந்தக் காலத்துப் பேராசிரியர் எவருமல்ல. 16ஆம் நூற்றாண்டின் கடைசியில் பொன்னானியில் இருந்த பெரிய ஆலிம் ஷெய்க் ஸைனுத்தீன் மக்தூம் அவர்கள். அவருடைய முன்னோர் மஃபர் எனப்பட்ட தமிழ்க் கரையிலிருந்து மலபாருக்குப் போனவர்கள். அவர் அரபியில் எழுதிய ‘துஹ்ஃபத்துல் முஜாஹிதீன்’ நூலில் இந்த அரசர் கதையைச் சொல்கிறார். சொல்லிவிட்டு, நபியவர்கள் காலத்திலேயே இது நடந்தது என்று மலபார் முஸ்லிம்கள் பேசிக்கொள்வதில் உண்மை குறைவு, ஹிஜ்ரி 200க்குப் பிறகுதான் நடந்திருக்க வேண்டும் என்று எழுதுகிறார்.

அவர் எந்த நேரத்தில் இதை எழுதினார் என்று பாருங்கள். போர்த்துக்கேயர் மலபார் முஸ்லிம்களின் கப்பல்களை எரித்து, பள்ளிவாசல்களை அழித்துக்கொண்டிருந்த நேரம். அவர் அந்த நூலை எழுதியதே மக்களை எதிர்த்து நிற்க அழைக்கத்தான், அதைப் பிஜாப்பூர் சுல்தானுக்குச் சமர்ப்பித்தார். ‘நபி காலத்திலிருந்தே இது எங்கள் மண்’ என்ற கதை கையில் இருந்தால் அவருக்கு எவ்வளவு வசதி! கையில் இருந்தது, ஆனாலும் தனக்கு உண்மை என்று படாததை அவர் எழுதவில்லை. போர் நேரத்திலும் அவர் பேனாவை வளைக்கவில்லை. நாங்கள் சும்மா சோபாவில் சாய்ந்துகொண்டு ஃபோர்வர்ட் பண்ணுகிறோம்.

அதே கதையில் எங்கள் மலையும் வருகிறது, அது தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். அந்த நூலின்படி, கொடுங்கல்லூருக்கு வந்த ஏழை ஃபக்கீர்கள் வியாபாரத்துக்கு வந்தவர்களல்ல. இலங்கையில் ஆதம் (அலை) அவர்களின் பாதச்சுவட்டைத் தரிசிக்கப் போய்க்கொண்டிருந்தவர்கள். எங்கள் பெரியவர்கள் பாவாத மலை என்பார்களே, அந்த மலை. சிவனொளிபாதம், ஸ்ரீ பாத என்று மற்றவர்கள் சொல்வதும் அதுதான். அந்த ஃபக்கீர்கள் சொன்னதைக் கேட்டுத்தான் அரசர் மனம் மாறினார். திரும்பி வரும்போது என்னையும் கூட்டிப்போங்கள் என்றார். பிறகு அரபுக் கரையிலேயே நோயுற்று இறந்தார். 1344இல் இப்னு பதூதாவும் அந்த மலையில்தான் ஏறினார். மலபார் முஸ்லிம்களின் ராஜா கதை எங்கள் மலைக்குப் போன வழிப்போக்கர்களில் தொடங்குகிறது என்பது எனக்குச் சந்தோஷமாகத்தான் இருக்கிறது. அந்தச் சந்தோஷத்துக்கு 629 என்ற வருடம் தேவைப்படவில்லை.

இன்னொன்றும் கேளுங்கள். அதே கொடுங்கல்லூர்ப் பக்கத்துச் சேரமான் பெருமாளைச் சைவர்கள் நாயன்மார் 63 பேரில் ஒருவராக வைத்திருக்கிறார்கள். 12ஆம் நூற்றாண்டுப் பெரியபுராணத்தில் அவர் சுந்தரரைப் பின்தொடர்ந்து குதிரையில் கயிலை போய்விடுகிறார். ஒரு பெயர், ஒரு நகரம். ஒருவர் சொன்னால் மக்கா, மற்றவர் சொன்னால் கயிலாயம். சேரர் வம்சம் 12ஆம் நூற்றாண்டில் முடிந்தது. கடைசியாக ஆண்ட இராம குலசேகரனோடு முஸ்லிம் கதையைச் சேர்த்துப் பார்க்கும் வரலாற்றாசிரியர்களும் உண்டு. அரியணை வெறுமையாகிவிட்டால் ‘ராஜா எங்கே போனார்?’ என்று ஊர் கேட்கும், அவரவர் நெஞ்சில் இருக்கிற திசையைக் காட்டுவார்கள்.

தாராவுக்கு என்ன நடந்தது என்று சொல்ல மறந்துபோகிறேன் பாருங்கள். 1899இல் இங்கிலாந்திலிருந்து ஒரு கூட்டம் அங்கே மண்வெட்டியோடு வந்தது. பிரித்தானியர் இஸ்ரவேலரின் தொலைந்துபோன வம்சம், அதனால் மூஸா நபியின் உடன்படிக்கைப் பெட்டி தாரா மேட்டில் புதைந்திருக்கிறது என்பது அவர்கள் நம்பிக்கை. கவிஞர் யேட்ஸ் போன்றவர்கள் பத்திரிகையில் எழுதி எதிர்த்தார்கள். 1902 வரை தோண்டினார்கள். பெட்டி கிடைக்கவில்லை, உண்மையிலேயே பழமையான மண்மேடு ஒன்று சிதைந்துபோனது. எங்கள் மலைக் குகைகளில் இராவணனின் புதையல் என்று இரவில் தோண்டுகிறவர்களும் அதே வேலையைத்தான் செய்கிறார்கள்.

‘யார் முந்தி வந்தது’ என்ற பேச்சு எங்கள் ஊரில் பொழுதுபோக்கு அல்ல, அதனால்தான் இவ்வளவு எழுதுகிறேன். தோட்ட மக்களைப் பாருங்கள். கோப்பிக் காலத்தில் தொடங்கி, இந்த மலையைக் காடு வெட்டித் தோட்டமாக்கினவர்கள். 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரசாவுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 பேரைக் கணக்கெடுத்து, 5,25,000 பேர் அங்கே, 3,00,000 பேர் இங்கே என்று பங்கு போட்டது. மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்ப்போம் என்று விட்டது. ஆட்டு வழக்கில்கூட நீதி பார்த்தார்கள்! முழுதாகப் பிரச்சினை தீர 2003ஆம் ஆண்டுச் சட்டம் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அந்த 55 வருடத்தில் எந்த அதிகாரியும் ‘உங்கள் ராஜா யார்’ என்று கேட்கவில்லை. பிறப்புச் சான்றிதழ், செக்ரோல் பதிவு, இதைத்தான் கேட்டார்கள். இராவணன் தமிழன் என்று நிரூபித்திருந்தாலும் ஒரு லயத்துக்கு ஒரு வாக்கு கிடைத்திருக்காது.

எங்கள் கதையும் அதுதான். கலவரம் வந்தால், அல்லது 2019 ஏப்ரல் 21க்குப் பிறகு வந்தது போன்ற நாட்கள் வந்தால், நாங்கள் ஆயிரம் வருடமாக இங்கே இருக்கிறோம் என்று நிரூபிக்க ஓடுகிறோம். ஏன் ஓட வேண்டும்? கடை வைத்திருக்கிறவர் வரி கட்டுகிறார், பிள்ளை இந்த நாட்டுப் பாடசாலையில் படிக்கிறது. முந்தாநாள் வந்திருந்தாலும் பிரஜை பிரஜைதான்.

ஆகவே அந்தப் பிள்ளைக்கு நான் சொன்ன பதில் இது: இராவணன் தமிழனும் இல்லை, சிங்களவனும் இல்லை, இராவணன் ஒரு கதையின் அரசன். அந்தக் கதையை யார், எந்த வருடம், எதற்காக இப்படி மாற்றிச் சொன்னார்கள் என்று தேடு, அது வரலாறு. உடனே இன்னொரு பிள்ளை “அப்போ சேரமான், சேர்?” என்றது. அவருக்கும் இதே கேள்விகள்தான் என்றேன். வகுப்பில் இருந்த எங்கள் பிள்ளைகள் இரண்டு பேருக்கு முகம் வாடியது. வாடட்டும், மக்தூம் அவர்களின் நூலைப் பற்றிச் சொன்னதும் தெளிந்துவிட்டது.

கடைசியாக ஒரு வேண்டுகோள். தோட்டங்களில் பொன்னர் சங்கர் கூத்து ஆடுவார்கள். கொங்கு நாட்டு அண்ணன்மார் இருவர், கப்பலேறி வந்த ஏழைகளோடு சேர்ந்து அவர்களும் மலையேறி வந்தவர்கள். சின்ன வயதில் நானும் குளிருக்குத் துண்டைப் போர்த்திக்கொண்டு விடியும் வரை பார்த்திருக்கிறேன். இந்த மலையில் எவரும் சண்டை பிடிக்காத ராஜாக்கள் என்றால் அவர்கள்தான்; தோட்டத்துக்குத் தோட்டம் பாட்டும் கதையும் கொஞ்சம் மாறும் என்பார்கள். உடப்புசல்லாவை, இராகலைப் பக்கத்தில் அந்தக் கூத்தில் வேஷம் கட்டியவர்கள், மத்தளம் அடித்தவர்கள், பாட்டுத் தெரிந்த பெரியவர்கள் உங்கள் வீட்டில் இருந்தால் கீழே எழுதுங்கள். பாடசாலைப் பிள்ளைகளை ஒரு நோட்டுப் புத்தகத்தோடு அனுப்பி வைக்கிறேன். எந்தத் தோட்டம், எந்த வருடம் கடைசியாக ஆடியது, எந்த டிவிசனில் எந்தக் கட்டம் வேறு மாதிரி என்பதையும் சேர்த்துச் சொன்னால் நல்லது.

வஸ்ஸலாம்.